வேலிச் சேலை

லோடு ஆட்டோவிலிருந்து பெண்கள் ஒவ்வொருவராக இறங்கினார்கள். இயக்குநர் முகம் தொங்கிப் போனது.

இலஞ்சிக்கும் குற்றாலத்துக்கும் நடுவில் ஒரு வயல். கார் பருவத்து நடவு நேரம். மலை பாதிக்கு மேல் மேகத்துக்குள் கிடந்தது. சாரல் விட்டு விட்டு விழுந்தது. கேமராவுக்குப் பாலித்தீன் உறை கட்டி, லென்ஸைத் துடைக்கப் பழைய வேட்டித் துண்டு ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு என் தம்பி இசக்கி வரப்பில் நின்றான்.

இறங்கியவர்கள் நாற்று நட வந்தவர்கள். மற்ற நாளில் பழைய சேலைக்கு மேல் புருஷனுடைய முழுக்கைச் சட்டையைப் போட்டு, தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு வருவார்கள். அன்றைக்கு ஒருவர் உடம்பிலும் சட்டை இல்லை. எல்லாரும் நல்ல சேலை. தலையில் பூ. பேச்சியம்மா என்பவள் பவுடர் போட்டிருந்தாள். சாரலில் அது கரைந்து கழுத்துவரை கோடு கோடாக இறங்கியிருந்தது.

முன்னால் வந்த மாரிச்செல்வி மயில் கழுத்து நிறத்தில் ஒரு சேலை கட்டியிருந்தாள். கரையில் சரிகை. போலீசுக்குத் தேர்வாகி டிரெய்னிங்கில் இருந்த மகள் எடுத்துக் கொடுத்தது. அதை எல்லாரிடமும் சொல்லிவிட்டுத்தான் வயலுக்குள் இறங்கினாள்.

"என்ன மேடம் இது, கல்யாணத்துக்கு வந்த மாதிரி வந்திருக்காங்க?" என்று இயக்குநர் என்னிடம் கேட்டார்.

மாரிச்செல்வியே பதில் சொன்னாள். "வீடியோ எடுக்கப் போறோம்னு நீங்கதான சார் சொன்னீய. பெறகு எப்படி வர?"

அவள் கேட்டதில் என்ன தப்பு? எங்கள் பக்கம் கேமரா வருகிறது என்றால் கல்யாணம், சடங்கு, புது வீட்டுப் பால்காய்ப்பு. கேமராவுக்கு முன்னால் நல்ல சேலையில் நிற்க வேண்டும் என்று இவர்களைப் பழக்கியதே என்னைப் போன்ற ஸ்டூடியோக்காரர்கள்தான்.

நான் தென்காசியில் கல்யாண வீடியோ எடுப்பவள். இசக்கி கேமரா, நான் எடிட்டிங். குறும் ஆவணப்படங்கள் பக்கம் நாங்கள் வந்த புதிது அது. முதல் படத்தைப் பற்றி இந்தத் தொடரில் போன வாரம் எழுதினேன். படித்துவிட்டு ஒருவர் போனில் கூப்பிட்டு, "கோபம் கொஞ்சம் தூக்கலா இருக்கு" என்றார். இந்த வாரம் அவர் படிக்காமல் இருப்பது நல்லது.

கவர்மெண்டு ஓடுது

என் அப்பா தென்காசியில் ஒரு சினிமாக் கொட்டகையில் டிக்கெட் கிழித்தவர். அந்தக் காலத்தில் பெரிய படத்துக்கு முன்னால் சின்னப் படம் ஒன்று போடுவார்கள். அணை, டிராக்டர், கோழிப்பண்ணை, சிரிக்கிற உழவர். ஒரு கனத்த குரல் மட்டும் பேசிக்கொண்டே போகும். ஆட்கள் வெளியே நின்று பீடி குடித்தபடி, "படம் போட்டாச்சா அண்ணாச்சி?" என்று கேட்பார்கள். அப்பா, "இல்லவே, இன்னும் கவர்மெண்டுதான் ஓடுது" என்பார்.

நான் உள்ளே உட்கார்ந்து அதையும் பார்ப்பேன். அந்த உழவர் வாயைத் திறந்து பேசிக்கொண்டுதான் இருப்பார். உதடு அசையும். கேட்பது என்னவோ கனத்த குரல்தான். அவர் என்ன சொன்னார் என்று கடைசிவரை தெரியாது.

பின்னால் இந்தத் தொழிலுக்கு வந்த பிறகு காரணம் தெரிந்தது. வயல்காட்டுக்குத் தூக்கிப் போகிற கேமராவில் அப்போது சத்தம் பதியாது. சத்தத்துக்குத் தனி மெஷின், தனி ஆள், தனிச் செலவு. ஃபிலிமை வீணாக்க முடியாது. அதனால் பேச்சை முதலில் மேஜையில் எழுதிவிடுவார்கள். அதற்குத் தோதான காட்சியைத் தேடிப் பிறகு கிளம்புவார்கள். காட்சி கிடைக்காவிட்டால், நிற்கிறவரைக் கூப்பிட்டுச் செய்யச் சொல்வார்கள்.

சரி, அவர்களிடம் வசதி இல்லை. இன்றைக்கு மாரிச்செல்வியின் போனிலேயே படமும் சத்தமும் சேர்ந்து பதிகிறது. இன்றைக்கும் பேச்சை முதலில் எழுதி எடுத்துக்கொண்டு வயலுக்கு வருகிறவர்களை என்ன சொல்வது?

எங்க அம்மை பீடி சுத்துனா

நம் இயக்குநர் அப்படித்தான் சென்னையிலிருந்து வந்தார். 'விடியுமுன்னே இவர்கள் நடக்கத் தொடங்குகிறார்கள்' என்று அவர் எழுதிக்கொண்டு வந்த பேச்சு ஆரம்பித்தது. பிள்ளைகளை ஸ்கூல் வேனில் ஏற்றிவிட்டு, குத்துக்கல்வலசையில் லோடு ஆட்டோ பிடித்து வந்து இறங்கியவர்கள் இவர்கள்.

"வரப்பில் வரிசையா நடந்து வாங்க. தூரத்துல இருந்து வர்ற மாதிரி" என்றார்.

"ஆட்டோல இருந்து எறங்குதத எடுங்களேன் சார். அதுல எறங்குததுதான் பெரும்பாடு" என்றாள் பேச்சியம்மா.

நடந்தார்கள். திரும்ப நடக்கச் சொன்னார். திரும்பவும் நடந்தார்கள். ஒரே ஆளை ஒரே வேலையை மறுபடி செய்யச் சொன்னால், இரண்டாவது தடவை அவள் வேலை செய்ய மாட்டாள், வேலை செய்வதுபோல் செய்வாள். கையைப் பார்த்தாலே தெரிந்துவிடும். எடிட்டிங்கில் உட்கார்கிறவளுக்கு அது முதல் பார்வையிலேயே தெரியும். ஆவணப்படத்தில் நான் கற்றுக்கொண்ட முதல் பாடம் அது. அவருக்கு அது தெரியவில்லை.

நடவு தொடங்கியது. மாரிச்செல்வி இடுப்பில் பிளாஸ்டிக் கவருக்குள் போன். அதில் சினிமாப் பாட்டு ஓடியது. நாற்று முடிச்சைப் பிரிக்கிற கை அந்தப் பாட்டுக்குத்தான் போய்க்கொண்டிருந்தது. அடுத்த பாட்டு எது என்பதில் அவளுக்கும் பேச்சியம்மாவுக்கும் சண்டை. அருமையான சண்டை.

"பாட்டை நிறுத்துங்க. நடவுப் பாட்டு பாடுங்க" என்றார் இயக்குநர்.

"அப்படின்னா?"

"உங்க அம்மா வயல்ல பாடியிருப்பாங்களே, அது."

"எங்க அம்மை பீடி சுத்துனா சார். ரேடியோதான் கேப்பா."

எல்லாரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. இந்தப் பக்கத்தில் பாதி வீட்டில் பீடித் தட்டு இருக்கிறது என்பதை அவர் கேட்டுத் தெரிந்துகொண்டு வந்திருக்கலாம். வரும் வழியில் கண்ணைத் திறந்திருந்தால்கூடப் போதும்.

கொஞ்ச நேரந்தானம்மா

அப்போதுதான் அவர் வேலியைப் பார்த்தார்.

மலையடிவாரத்தில் காட்டுப்பன்றித் தொல்லை. வயலைச் சுற்றிக் குச்சி நட்டுப் பழைய சேலைகளைக் கட்டிவைப்போம். காற்றில் ஆடுகிற துணியைப் பார்த்து ஆள் இருப்பதாகப் பன்றி நினைக்கும் என்று நம்பிக்கை. இதற்கென்றே பழைய சேலையை மூட்டையாக வாங்கிக்கொண்டு வருவார்கள். வெயிலிலும் மழையிலும் கிடந்து நிறம் போய், பாசி பிடித்து, குச்சியில் மாட்டிக் கிழிந்து தொங்கும்.

இயக்குநர் நேரே போய் அதில் ஒன்றை அவிழ்த்தார். உதறினார். மாரிச்செல்வியிடம் நீட்டினார்.

"இதைக் கட்டிக்கோங்கம்மா. இதுதான் நிஜமா இருக்கும்."

பேச்சியம்மாதான் முதலில் சொன்னாள். "ஏட்டி, பன்னிய வெரட்டக் கட்டுனதுல்லா. நீ கட்டுனா ஒம் மாப்பிளயும் ஓடிருவான்."

மாரிச்செல்வி சிரிக்கவில்லை. "வேண்டாம் சார்" என்றாள்.

வயலுக்காரர் வரப்பில் குடை பிடித்து நின்றார். இயக்குநருக்குத் தெரிந்தவருக்குத் தெரிந்தவர். "எம்மா, சார் அவ்வளவு தூரத்துல இருந்து வந்திருக்காரு. கொஞ்ச நேரந்தானம்மா" என்றார். அவர் வயலில்தான் இவர்கள் வருஷாவருஷம் நடுகிறார்கள்.

மாரிச்செல்வி அந்தச் சேலையைத் தன் சேலைக்கு மேலேயே சுற்றிக்கொண்டாள். கீழே மயில் கழுத்தும் சரிகையும் கொஞ்சம் தெரிந்தது. "அதை உள்ளே தள்ளுங்க" என்றார் இயக்குநர். தள்ளினாள். குனிந்து நட்டாள். இசக்கி எடுத்தான். நான் குடையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

இந்தக் காட்சிக்கு அவர் முன்பே எழுதிவைத்திருந்த வரி இது: 'வறுமையே இவளது ஆடை.'

வயலில் நிற்கிற எந்தப் பெண்ணும் அந்த வரிக்குத் தோதாக வரவில்லை. வேலிதான் வந்தது.

தொட்டித் தண்ணீர்

மத்தியானம் பெண்கள் அருவியில் குளிப்பதை எடுக்க வேண்டும் என்றார். சீசன் நேரம். மெயின் அருவியில் வரிசை பாலம் தாண்டி நின்றது. "அது வெளியூர்க்காரவியளுக்கு சார். நாங்க கூட்டம் ஒழிஞ்ச பெறகுதான் போவோம்" என்று சொல்லிவிட்டு அவர்கள் ஆட்டோவில் ஏறிப் போய்விட்டார்கள். அருவியை மட்டும் எடுத்தோம். இயக்குநர் ஏதோ கத்தினார். இசக்கிக்குக் கேட்கவில்லை. தலையை மட்டும் ஆட்டினான்.

அருவிச் சத்தம் மைக்கில் அருவியாகப் பதியாது. கட்டை இரைச்சலாகத்தான் பதியும். எங்கள் முதல் படத்தில் அருவிக்கு நாங்கள் போட்டது ஸ்டூடியோ மாடித் தொட்டியில் தண்ணீர் விழுகிற சத்தம். குற்றாலத்துக்காரர்களே கண்டுபிடிக்கவில்லை.

அதுவும் பொய்தானே என்று கேட்பீர்கள். இருக்கட்டும். அருவி என் ஸ்டூடியோ படியேறி வந்து என்னிடம் எதுவும் கேட்கவில்லை. மாரிச்செல்வி வந்தாள்.

அன்றைக்குச் சாயங்காலமே வந்தாள். பேச்சியம்மாவும் கூட.

"யக்கா, அந்தச் சேலையக் கட்டுனத மட்டும் அழிச்சிரு."

"மாட்டவே மாட்டேன்னு அப்பவே அடிச்சுச் சொல்லியிருக்கலாம்லா?"

"நாளைக்கும் அங்கனதானக்கா நடணும்."

உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை.

"எம்மவ கூட இருக்க பிள்ளைய எல்லாம் போன்ல பாக்கும். வேலியில கெடந்ததக் கட்டிட்டு நிக்காளே, இவளா ஒங்க அம்மைன்னு கேட்டா அவ என்ன சொல்லுவா? எப்பவும்போல மாப்பிள சட்டையப் போட்டுட்டு நின்னாக்கூட எனக்கு ஒண்ணுமில்ல. அது நான் போடுதது. இது எனக்குள்ளதாக்கா?"

இயக்குநருக்குப் போன் போட்டேன். விஷயத்தைச் சொன்னேன்.

"அந்த ஷாட்தான் மேடம் படமே. அதுதான் நிஜம்."

"அப்போ அவ கட்டிட்டு வந்த சேலை?"

"அது ஷூட்டிங்குக்காகக் கட்டினது."

போனை வைத்த பிறகும் அந்தப் பதிலையே நினைத்துக்கொண்டிருந்தேன். அவள் தானாகக் கட்டியது நடிப்பாம். இவர் கட்டிவிட்டது நிஜமாம். படித்த மனிதர்.

வீட்டுக்காரர்கள் பார்க்கிற வழக்கம்

கல்யாண வீடியோவில் ஒரு வழக்கம் உண்டு. முடித்துக் கொடுப்பதற்கு முன்னால் வீட்டுக்காரர்கள் ஸ்டூடியோவுக்கு வந்து உட்கார்ந்து பார்ப்பார்கள். தாய்மாமன் முறைக்கிறார், எடுத்துவிடு என்பார்கள். நாத்தனார் அழுகிறாள், வேண்டாம் என்பார்கள். பந்தியில் உட்கார்ந்து ஒருவர் வாயைத் திறந்தபடி இருப்பார், அவரே வந்து கெஞ்சுவார். எடுத்துவிடுவோம். அவர்கள் முகம், அவர்கள் வீடு. பார்த்துச் சரி என்று சொல்லாமல் ஒரு வீடியோவும் என் ஸ்டூடியோவை விட்டு வெளியே போனதில்லை.

இதை ஆவணப்படக்காரர்களிடம் சொன்னால் சிரிப்பார்கள். படைப்பாளியின் சுதந்திரம் போய்விடுமாம். எடுக்கப்பட்டவளின் முகம் போனால் பரவாயில்லையாம். மூன்று மணி நேரக் கல்யாண வீடியோவுக்கு இருக்கிற மரியாதை, நாட்டைத் திருத்தப் போகிற பத்து நிமிஷப் படத்துக்கு வேண்டாமா?

எனக்குத் தெரிந்த வழக்கப்படி நான் செய்தேன். படத்தை ஒருமாதிரி வெட்டிச் சேர்த்ததும் நட்ட பெண்கள் எல்லாரையும் வரச் சொன்னேன். அதே நாளில் இயக்குநரையும் வரச் சொன்னேன். அவர் வரத் தாமதமானது. பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, டீ வாங்கி வைத்து, ஓடவிட்டேன்.

அவர்கள் பார்த்த மாதிரி எந்த விமர்சகரும் என் படத்தைப் பார்த்ததில்லை.

"கொக்கை என்னத்துக்குக்கா இவ்வளவு நேரம் காட்டுத? அதுவா நாத்து நடுது?"

"என் கை இப்படியா கோணிட்டுப் போவுது? ஏட்டி, ஒருத்தியும் சொல்லலியே."

"பாட்டுக்குச் சண்ட போட்டோம்லா, அதக் காணும்?"

அதைச் சேர்க்கிறேன் என்றேன். கொக்கைக் குறைக்கிறேன் என்றேன். பிறகு வேலிச் சேலைக் காட்சி வந்தது. பேச்சியம்மா டீ டம்ளரைக் கீழே வைத்தாள்.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். கல்யாண வீட்டில் பழகிய கேமராக்காரர் கேமராவை அணைக்க மாட்டார். அணைத்த நேரத்தில்தான் தாலி கட்டிவிடுவார்கள். இசக்கிக்கு அந்தப் பயம் கையிலேயே ஊறிப்போனது. வயலிலும் அவன் கேமராவை அணைத்திருக்கவில்லை. காட்சிக்கு முன்னால் என்ன இருக்கிறது என்று மாரிச்செல்வி கேட்டாள். வெட்டாத துண்டைப் போட்டுக் காட்டினேன்.

எல்லாம் இருந்தது. இயக்குநர் வேலிக்குப் போகிறார். முடிச்சை அவிழ்க்கிறார். உதறுகிறார், சேலையிலிருந்து ஒரு நத்தை விழுகிறது. நீட்டுகிறார். "இதுதான் நிஜமா இருக்கும்." மாரிச்செல்வி "வேண்டாம் சார்" என்கிறாள். குடையும் வயலுக்காரர் குரலும். சுற்றிக்கொள்கிறாள். "அதை உள்ளே தள்ளுங்க."

மாரிச்செல்வி நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

"யக்கா, இத அழிக்காத. அவரு அவுக்கதுல இருந்து போடு."

எதை எடுக்க?

இயக்குநர் அந்த நேரத்தில்தான் படியேறி வந்தார். திரையில் தன்னைப் பார்த்தார். கதவருகிலேயே நின்றுவிட்டார்.

"இது எப்படிப் பதிவாச்சு? இதை எடுத்துடுங்க மேடம்."

"எதை எடுக்க?"

"நான் வர்றதை."

"அதுதான் சார் படமே" என்றேன்.

"விளையாடாதீங்க. இது படத்துக்கு வெளியில நடந்தது."

"வயல்லதான் நடந்துச்சு" என்றாள் பேச்சியம்மா.

அவருக்கு வேறு வழியில்லை. எடுத்ததெல்லாம் என் ஹார்ட் டிஸ்கில்தான் இருந்தது. கேமராவில் இருந்த கார்டை அன்றைக்கே காலி செய்து அடுத்த நாள் கல்யாணத்துக்குப் போட்டுவிட்டோம். அவர் என்னை விட்டுவிட்டு மாரிச்செல்வி பக்கம் திரும்பினார். குரல் இறங்கியிருந்தது.

"அம்மா, இதைப் பார்த்தா என்னைத் தப்பா நினைப்பாங்க."

"ஆமா சார். நெனப்பாவ."

எனக்கு உள்ளுக்குள் ஒரே சந்தோஷம். மறைக்க மாட்டேன். இவரை ஊர் ஊராக ஓட்டிக் காட்ட வேண்டும், எந்த இடத்தில் வெட்ட வேண்டும், எந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்று மனசுக்குள் எடிட் செய்துகொண்டிருந்தேன்.

மாரிச்செல்வி எழுந்து சேலையைச் சரி செய்தாள்.

"எடுத்துரு யக்கா. அவரு வாறதயும் எடுத்துரு, நான் கட்டுனதயும் எடுத்துரு."

"உனக்கென்ன கிறுக்கா? நியாயம் உன் பக்கம்ல இருக்கு."

"எனக்கு என் சேலை வந்தா போதும். அவரு மானத்த வாங்கி நான் எங்கன வைக்க?"

இயக்குநர் தலையை ஆட்டினார். நன்றி என்று ஒரு வார்த்தை அந்தப் பெண்ணைப் பார்த்து அவர் சொல்லவில்லை. அதை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை.

எல்லாருக்கும் முன்னால் அழித்தேன். கம்ப்யூட்டரின் குப்பைத் தொட்டியையும் காலி செய்து காட்டினேன். மனசில்லாமல்தான் செய்தேன். பார்க்க வரச் சொன்னது நான்தான். எடு என்றால் எடுப்பதுதான் வழக்கம்.

படம் வெளியே போனது. 'வறுமையே இவளது ஆடை' என்ற வரிக்குக் காட்சி இல்லாததால் வரியும் போனது. பாட்டுச் சண்டை இருக்கிறது. மயில் கழுத்துச் சேலையின் கரை சேற்றில் புரள, மாரிச்செல்வி நடுகிறாள். மகள் டிரெய்னிங்கில் கூட இருக்கிறவர்களைக் கூப்பிட்டுப் போனில் காட்டினாளாம். அந்த மயில் கழுத்து எங்க அம்மை, சேலை நான் எடுத்துக் கொடுத்தது என்றாளாம்.

வெளியூரில் ஒரு திரையிடலில் படத்தைப் பார்த்த பெரியவர்கள், "வயல் வேலைக்கு யாராவது இப்படிக் கட்டுவார்களா, செட்டப் மாதிரி இருக்கிறது" என்றார்களாம். இயக்குநர் போனில் சொன்னார். அவர் குரலில் பாதிக் குற்றச்சாட்டு, பாதிச் சந்தோஷம். அந்தச் சேற்றையும் கரையையும் பார்த்து நம்பாதவர்கள் வேலிச் சேலையை நம்பியிருப்பார்கள். அப்படிப்பட்டவர்களுக்குப் பிடிக்க வேண்டும் என்றுதான் இத்தனை பேர் காலம் காலமாகப் படம் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.

இந்த அத்தியாயத்தை அச்சுக்கு அனுப்புவதற்கு முன்னால் மாரிச்செல்விக்குப் போனில் முழுசாகப் படித்துக் காட்டினேன். வயலில் இருந்தாள். பின்னால் பாட்டு ஓடியது. கடைசிவரை கேட்டாள்.

"டைரக்டரு பேரப் போட்டிருக்கியேக்கா."

"ஆமா, போட்டிருக்கேன். போட்டா என்ன?"

"அதயும் எடுத்துரு."

எடுத்துவிட்டேன்.